நுண்ணோக்கிப் படம் எதைக் காட்டுகிறது? தொற்றுநோயைத் திரையில் புரிந்துகொள்ள ஓர் அறிமுகம்

2020ஆம் ஆண்டு தொடங்கி நம் கைப்பேசிகளை நிறைத்த காணொளிகளில், சாம்பல் நிற உருண்டை ஒன்று சிவப்பு முள்களோடு மிதந்து வந்து மனித உயிரணுவில் ஒட்டி உள்ளே நுழைவதைப் பார்க்காதவர்கள் மிகக் குறைவு. ‘நுண்ணோக்கியில் எடுத்த படம்’ என்ற குறிப்புடன் அது பகிரப்பட்டது. குளத்துநீர்த் துளியில் நீந்தும் உயிரிகளும், பாக்டீரியாவைத் துரத்திப் பிடிக்கும் வெள்ளையணுவும், ஊதாவும் மஞ்சளுமாகப் பளிச்சிடும் கிருமிகளின் அசையாப் படங்களும் அதே குறிப்புடன்தான் வந்து சேர்கின்றன. இவற்றுள் முதலாவது கணினியில் வரையப்பட்டது. இரண்டாவது, உயிரோடு இருப்பவற்றை அவை அசையும் வேகத்திலேயே எடுத்தது. மூன்றாவது உண்மையான படம்தான். ஆனால் அதன் வேகம் பெரும்பாலும் கூட்டப்பட்டிருக்கும். நான்காவது, உயிரற்ற மாதிரியைச் சாம்பல் நிறத்தில் எடுத்துப் பின்னர் வண்ணம் தீட்டியது.

இந்த நான்கையும் ஒன்றாகக் கருதுவதால் இரண்டு விதமான தவறுகள் நேர்கின்றன. திரையில் தெரிந்த அனைத்தையும் அப்படியே நம்பிவிடுவது ஒன்று. அந்தச் சிவப்பு முள் உருண்டை வரையப்பட்டது என்று ஒருநாள் தெரியவந்ததும், ‘அப்படியானால் வைரஸே கட்டுக்கதை’ என்ற முடிவுக்குத் தாவிவிடுவது மற்றொன்று. பெருந்தொற்றுக் காலத்தில் இரண்டையும் கண்டோம். இரண்டாவதே அதிகத் தீங்கு செய்தது என்று கருதுகிறேன். எனவே நுண்ணோக்கிப் படம் எவ்வாறு உருவாகிறது, தொற்றுநோயைப் பற்றி அது எதைச் சொல்ல வல்லது, எதைச் சொல்ல இயலாது என்பவற்றை அடிப்படையிலிருந்து பார்ப்போம்.

கூரை இடுக்கின் வழியே விழும் வெயில்

ஓட்டு வீட்டில் பகல் நேரத்தில் கூரை இடுக்கின் வழியே மெல்லிய வெயில்கற்றை ஒன்று இறங்கும்போது, அதற்குள் ஆயிரக்கணக்கான தூசுகள் மின்னி அலைவதைப் பார்த்திருப்போம். கற்றைக்கு வெளியேயும் அதே அளவு தூசு இருக்கிறது. அது கண்ணுக்குப் படுவதில்லை. இருண்ட அறையின் பின்னணியில், பக்கவாட்டிலிருந்து பட்ட ஒளியைத் தூசு நம் கண்ணை நோக்கிச் சிதறடிப்பதால் மட்டுமே கற்றைக்குள் இருக்கும் தூசு தெரிகிறது. சாளரத்தை முழுவதுமாகத் திறந்து அறையை வெளிச்சமாக்கினால் எல்லாமே மறைந்துபோகும்.

ஒரு பொருள் கண்ணுக்குத் தெரிவதற்கு அதைப் பெரிதாக்குவது மட்டும் போதாது. பின்னணியிலிருந்து அது வேறுபட்டும் நிற்க வேண்டும். நுண்ணோக்கிப் படத்தைப் புரிந்துகொள்ள முதலில் தேவைப்படும் கருத்து இதுவே. பெரும்பாலான பாக்டீரியாக்கள் ஏறத்தாழக் கண்ணாடி போன்றவை. அவற்றின் நேர் பின்னாலிருந்து வலுவான ஒளியைப் பாய்ச்சினால், ஆயிரம் மடங்கு பெரிதாக்கினாலும் வெளிச்சத்தில் கரைந்துபோகும். அதனால்தான் பரிசோதனைக்கூடங்களில் கண்ணாடிச் சில்லில் தடவிய மாதிரியைச் சூடாக்கி உலர்த்தி, சாயமேற்றிப் பார்க்கிறார்கள். சாயம் ஏறியதும் கிருமி தெளிவாகத் தெரியும். ஆனால் அதற்குள் அது இறந்துவிடுகிறது, இறந்தது அசையாது.

உயிரோடு பார்ப்பதற்கு அந்த வெயில்கற்றையின் உத்தியே உதவுகிறது. மாதிரியின் மேல் ஒளியைச் சாய்வாக மட்டும் பாய்ச்சி, நேராக வரும் ஒளி வில்லைக்குள் நுழையாமல் தடுத்துவிட்டால், பின்னணி கறுப்பாகிவிடும். ஒளியைச் சிதறடிக்கும் கிருமி மட்டும் வெள்ளைக் கோடாக மின்னும். இதற்கு இருள்புல ஒளியூட்டல் என்று பெயர். மேகநோயை (சிஃபிலிஸ்) உண்டாக்கும் சுருள்வடிவப் பாக்டீரியாவை ஜெர்மனியில் ஷௌடின், ஹாஃப்மன் ஆகிய இருவரும் 1905இல் கண்டறிந்தனர். அதன் நீளம் 6 முதல் 15 மைக்ரோமீட்டர், தடிமனோ 0.2 மைக்ரோமீட்டர் அளவே. ஒரு மைக்ரோமீட்டர் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு. தலைமுடியின் தடிமன் சுமார் 70 மைக்ரோமீட்டர். இவ்வளவு மெல்லிய உயிரைச் சாயமின்றி உயிரோடு பார்க்க இருள்புலமே வழியாயிற்று.

பாரிஸில் மருத்துவம் பயின்ற ழான் கொமாந்தோன் இந்தக் கிருமியைத்தான் ஆராய்ந்துகொண்டிருந்தார். பார்த்த அசைவைப் பதிவுசெய்ய விரும்பிய அவர், பாத்தே திரைப்பட நிறுவனத்தின் உதவியோடு இருள்புல நுண்ணோக்கியையும் திரைப்படக் கருவியையும் இணைத்தார். அவருடைய படங்கள் 1909 அக்டோபர் 26 அன்று பிரெஞ்சு அறிவியல் அகாதெமியில் காட்டப்பட்டன. நுண்ணோக்கியின் கண்வில்லை இருக்கும் இடத்தில் ஒளிப்பதிவுக் கருவியைப் பொருத்தி அசையும் படமாக எடுக்கும் இந்த முறையே நுண்ணோக்கிப் படப்பிடிப்பு. சொல்வதற்கு எளிது, செய்வது கடினம். படச்சுருளில் பதிவாகும் அளவுக்கு ஒளி வேண்டுமென்றால் வில்விளக்கின் கூரிய வெளிச்சம் தேவை. அந்த வெளிச்சத்தின் வெப்பம் படம்பிடிக்கப்படும் உயிரைக் கொன்றுவிடும். ஒளியைக் கூட்டவும் வேண்டும், உயிரைக் காக்கவும் வேண்டும் என்ற இந்த இழுபறி நூறாண்டு கடந்தும் தீரவில்லை. இன்றைய லேசர் நுண்ணோக்கியைக் கையாள்பவர்களும் இதே கவலையோடுதான் வேலை செய்கிறார்கள்.

இதுவரை பார்த்தது: நுண்ணுயிர் திரையில் தெரிவதற்கு உருப்பெருக்கமும் வேறுபாடும் சேர்ந்தே தேவை. எந்த ஒளியில் எடுத்தார்கள் என்பதைப் பொறுத்து ஒரே கிருமி வெள்ளைக் கோடாகவும் தெரியலாம், சாயமேறிய புள்ளியாகவும் தெரியலாம், தெரியாமலும் போகலாம்.

அசைவு ஏன் முக்கியம்?

அசையாப் படம் ஒரு கிருமியின் உருவத்தைச் சொல்லும். அது என்ன செய்கிறது என்பதை அசைவே சொல்லும். மருத்துவ வரலாற்றில் இதற்குச் சிறந்த சான்று மலேரியாவே. 1880 நவம்பர் 6 அன்று அல்ஜீரியாவின் கான்ஸ்தான்தீன் நகர இராணுவ மருத்துவமனையில், அல்ஃபோன்ஸ் லாவெரான் காய்ச்சல் கண்ட ஒரு படைவீரரின் இரத்தத்தைச் சாயமேற்றாமல், எடுத்த சூட்டிலேயே நுண்ணோக்கியில் பார்த்தார். கறுத்த துகள்கள் நிறைந்த உருண்டை ஒன்றிலிருந்து மெல்லிய இழைகள் வெளிவந்து சாட்டைபோல் துடித்துப் பக்கத்திலிருந்த சிவப்பணுக்களைத் தள்ளிக்கொண்டிருந்தன. மலேரியா நோயாளிகளின் உறுப்புகளில் அந்தக் கறுப்புத் துகள்களை முன்பும் பலர் கண்டிருந்தனர். அது உயிருள்ள ஒட்டுண்ணி என்ற உறுதியை லாவெரானுக்குத் தந்தது அந்தத் துடிப்புதான்.

மேகநோய்க் கிருமியிலும் இதுவே நடந்தது. மனித உடலில் அதையொத்த, நோய் உண்டாக்காத சுருள் பாக்டீரியாக்களும் வாழ்கின்றன. மேகநோய்க் கிருமி தன் அச்சில் திருகாணிபோல் சுழன்று, இடையிடையே நடுவில் வளைந்து நிமிரும். பழகிய கண் இந்த அசைவை வைத்தே அதை மற்றவற்றிலிருந்து பிரித்தறியும். எழுத்தில் இதைப் பத்துப் பக்கம் விவரிக்கலாம். ஐந்து நொடிப் படம் அதைவிடத் தெளிவாக விளக்கிவிடும்.

இங்கே ஓர் எச்சரிக்கை தேவை. நுண்ணோக்கியில் அசைவதெல்லாம் உயிருள்ளவை அல்ல. நீரின் மூலக்கூறுகள் இடைவிடாமல் எல்லாத் திசைகளிலும் மோதுவதால், மிகச் சிறிய துகள் எதுவாயினும் நின்ற இடத்திலேயே நடுங்கிக்கொண்டிருக்கும். 1827இல் மகரந்தத் துகள்களிலிருந்து வெளிவந்த நுண்துணுக்குகளில் இதைக் கவனித்த ராபர்ட் பிரௌன், உயிரற்ற பொருள்களின் பொடியிலும் அதே நடுக்கம் இருப்பதைக் காட்டினார். அவர் பெயராலேயே இது பிரௌனியன் இயக்கம் எனப்படுகிறது. ‘இதோ பாருங்கள், இந்தப் பொருளில் கிருமிகள் துள்ளுகின்றன’ என்று பரவும் காணொளிகளில் சில, கொழுப்புத் துளிகளின் அல்லது மாவுத் துகள்களின் நடுக்கத்தையே காட்டுகின்றன. நீந்தும் பாக்டீரியா ஒரு திசையில் சற்றுத் தொலைவு ஓடித் திரும்பும். நடுங்கும் துகள் எங்கும் போய்ச் சேராது. வேறுபாட்டைக் காண அரை நிமிடம் பொறுமையாகப் பார்த்தாலே போதும்.

நீளும் காலமும் சுருங்கும் காலமும்

திரையில் கிருமி பெரிதாகத் தெரியும்போது அதன் வேகமும் பெரிதாகிறது. பலரும் கவனிக்காமல் விட்டுவிடும் உண்மை இது. காலராக் கிருமி தன் ஒற்றை வாலால் நொடிக்கு 50 மைக்ரோமீட்டருக்கு மேலேயே நீந்த வல்லது. 50 என்றே வைத்துக்கொள்வோம். ஆயிரம் மடங்கு பெரிதாக்கிய படத்தில் அது நொடிக்கு 5 சென்டிமீட்டர் ஓடும். பத்தாயிரம் மடங்கு பெரிதாகும் அரங்கத் திரையில் அரை மீட்டர் பாயும். யாரும் வேகத்தைக் கூட்டவில்லை. உருப்பெருக்கத்தின் விளைவே அது. அந்தப் பாய்ச்சலைப் பார்த்து அஞ்சுபவர், உண்மையில் அது ஒரு மில்லிமீட்டரைக் கடக்கவே 20 நொடி ஆகும் என்பதையும் அறிய வேண்டும்.

இதற்கு மேல், படமெடுப்பவரே காலத்தை மாற்றுவதும் உண்டு. நிமிடத்துக்கு ஒரு படம் மட்டும் எடுத்து, அவற்றை நொடிக்கு 24 வீதம் ஓட்டினால், 24 நிமிடம் ஒரு நொடிக்குள் அடங்கும். ஒரு முழு நாள் சரியாக ஒரு நிமிடப் படமாகும். இதற்கு இடைவெளிப் படப்பிடிப்பு என்று பெயர். மிக மெதுவாக நடப்பதைக் கண்ணுக்குத் தெரியவைப்பது இதன் வேலை. வெள்ளையணு பாக்டீரியாவைத் துரத்தும் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். வெள்ளையணு ஊர்வது நிமிடத்துக்குப் பத்து மைக்ரோமீட்டர் அளவில்தான். தன் உடல் நீளத்தைக் கடக்கவே ஒரு நிமிடத்துக்கு மேலாகும். வேட்டை நாயின் பாய்ச்சல்போல் திரையில் தெரிவது, பல நிமிடங்கள் சில நொடிகளாகச் சுருங்கியதால் வந்த தோற்றம். துரத்துவது உண்மை, வேகம் படமெடுத்தவர் கொடுத்தது.

ஆனால் இந்தச் சுருக்கம் ஏமாற்று வேலையன்று. அளவைச் சொல்லிவிட்டுச் செய்தால், தொற்றுநோயைப் பற்றிய மிக முக்கியமான உண்மை ஒன்றை இதைவிட நன்றாக விளக்கும் வழி வேறில்லை. நாம் மேலே கணக்கிட்ட ஒரு நிமிடப் படத்தில் இரண்டு பாக்டீரியாக்களைப் பக்கம் பக்கமாக வைப்போம். நல்ல ஊட்டமும் வெதுவெதுப்பும் கிடைத்தால் குடலில் வாழும் ஈ.கோலை 20 நிமிடத்துக்கு ஒருமுறை இரண்டாகப் பிரியும். படத்தில் அது நொடிக்கு ஒருமுறைக்கும் சற்று வேகமாகப் பெருகி, பத்துப் பதினைந்து நொடிக்குள் சட்டகத்தையே நிறைத்துவிடும். காசநோய்க் கிருமி இரண்டாகப் பிரிய 15 முதல் 20 மணி நேரம் எடுக்கும். அந்த ஒரு நிமிடப் படம் முடிவதற்குள் அது ஒரே ஒரு முறை பிரிந்திருக்கும்.

இந்த இரட்டைப் படத்தைப் பார்த்தவருக்கு, காசநோய்க் கிருமியை வளர்த்துச் சோதித்து முடிவு சொல்ல ஏன் வாரக்கணக்கில் ஆகிறது என்பது தானே விளங்கும். இருமல் நின்று உடல் தேறிய பின்னும் மருந்தை ஆறு மாதம் நிறுத்தக்கூடாது என்று மருத்துவர் வற்புறுத்துவதன் காரணத்தில் ஒரு பெரும் பகுதியும் விளங்கும்: மிக மெதுவாகப் பெருகும் கிருமிகளையும், ஏறத்தாழ உறங்கிக் கிடக்கும் கிருமிகளையும் மருந்துகள் மெதுவாகவே அழிக்கின்றன. ‘மருந்தை நிறுத்தாதீர்கள்’ என்ற சுவரொட்டிகளை நாம் நிறையப் பார்த்துவிட்டோம். ஏன் நிறுத்தக்கூடாது என்பதைக் கண்முன் காட்டும் ஒரு நிமிடப் படம் ஒவ்வொரு சிகிச்சை மையத்திலும் ஓட வேண்டும் என்பது என் விருப்பம்.

சுருக்கமாக: திரையில் தெரியும் வேகத்தில் மூன்று பங்குகள் கலந்துள்ளன. கிருமியின் சொந்த வேகம், உருப்பெருக்கம் கூட்டியது, படமெடுத்தவர் கூட்டியது அல்லது குறைத்தது. பின்னிரண்டும் படத்தின் ஓரத்தில் எழுதப்படாவிட்டால் முதலாவதை யாராலும் கணிக்க முடியாது.

நிறம் எங்கிருந்து வருகிறது?

சாயமின்றி உயிரணுவின் உட்புறத்தைப் பார்க்க 1930களில் இன்னொரு வழி பிறந்தது. ஒளி புகும் பொருளானாலும் உயிரணுவின் தடித்த பகுதிகள் ஒளியைச் சற்றே தாமதப்படுத்துகின்றன. அந்தத் தாமதத்தைக் கண்ணால் காண இயலாது. நெதர்லாந்தின் ஃபிரிட்ஸ் சேர்னிகே அதை வெளிச்ச வேறுபாடாக மாற்றும் அமைப்பை உருவாக்கி, 1953இல் இயற்பியல் நோபல் பரிசு பெற்றார். இதுவே கட்ட வேறுபாட்டு நுண்ணோக்கி. சாம்பல் பின்னணியில், விளிம்பைச் சுற்றி ஒளிவட்டத்தோடு தெரியும் உயிரணுப் படங்கள் பெரும்பாலும் இதில் எடுத்தவை.

பச்சையும் சிவப்புமாக ஒளிரும் படங்களின் கதை வேறு. ஒருவகை ஜெல்லிமீனில் நீல ஒளி பட்டால் பச்சையாக ஒளிரும் புரதம் ஒன்று உண்டு. அதற்கான மரபணுவை எடுத்து ஒரு கிருமிக்குள் வைத்துவிட்டால், கிருமி தானே அந்தப் புரதத்தைச் செய்துகொண்டு இருட்டில் பச்சைப் புள்ளியாகத் தெரியும். இம்முறையை உருவாக்கிய ஷிமோமுரா, சால்ஃபீ, ட்சியென் ஆகிய மூவருக்கும் 2008இல் வேதியியல் நோபல் பரிசு வழங்கப்பட்டது. ஒளிர்வு நுண்ணோக்கி எனப்படும் இந்த முறையின் பெரும்பயன், உயிருள்ள விலங்கின் உடலுக்குள்ளேயே கிருமியைப் பின்தொடர முடிவதுதான். பச்சை நிறம் கிருமிக்கு இயல்பானதன்று. நாம் அதற்குக் கட்டிய அடையாளம்.

இம்முறையால் பாடநூல் வழக்கே ஒரு வகையில் திருத்தம் பெற்றது. மலேரியாக் கொசு தன் ஊசிபோன்ற குழலால் ஒட்டுண்ணியை நேரே இரத்தத்தில் செலுத்துகிறது என்றே நெடுங்காலம் படம் வரைந்து வந்தார்கள். பாரிஸின் பாஸ்டர் நிறுவனத்தினர் எலிகளைத் தாக்கும் மலேரியா ஒட்டுண்ணியை ஒளிரச்செய்து எடுத்து 2006இல் வெளியிட்ட படங்களில், கொசு விட்டுச்சென்ற ஒட்டுண்ணிகள் முதலில் தோலுக்குள் நெளிந்து ஊர்ந்து இரத்தக்குழாயைத் தேடுவது தெரிந்தது. சில குழாய்க்குள் நுழைந்தன. சில நிணநீர் வழியே போயின. பல தோலிலேயே தங்கிவிட்டன. கடித்த இடமே நோயின் முதல் களம் என்பதை அசையும் படம் ஐயமின்றிக் காட்டியது.

வைரஸை ஏன் அப்படி எடுக்க முடியாது?

ஒளியைக் கொண்டு பார்க்கும் எந்தக் கருவிக்கும் ஓர் எல்லை உண்டு. ஒளி ஓர் அலை. தன் அலைநீளத்தில் ஏறத்தாழப் பாதிக்கும் குறைவான இடைவெளியில் இருக்கும் இரண்டு புள்ளிகளை அது ஒன்றாகக் குழப்பிவிடும். 1873இல் எர்ன்ஸ்ட் அபே வகுத்த இந்த எல்லை சுமார் 200 நானோமீட்டர்; ஒரு நானோமீட்டர் என்பது மைக்ரோமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு. இரண்டு புள்ளிகளைப் பிரித்துக் காட்டும் இந்தத் திறனுக்குப் பிரிதிறன் என்று பெயர். கொரோனா வைரஸின் குறுக்களவு சுமார் 100 நானோமீட்டர். போலியோ வைரஸின் குறுக்களவு சுமார் 30. படத்தை எவ்வளவு பெரிதாக்கினாலும் மங்கலான புள்ளிதான் பெரிதாகுமே தவிர, முள்கள் தோன்றா. (இந்த எல்லையைத் தந்திரமாகக் கடக்கும் சில முறைகள் இருக்கின்றன, அவற்றுக்கு 2014இல் நோபல் பரிசும் கிடைத்தது, இந்த அறிமுகத்துக்கு அவை தேவையில்லை.)

ஒளிக்குப் பதில் எலக்ட்ரான் கற்றையைப் பயன்படுத்தும் எலக்ட்ரான் நுண்ணோக்கி வைரஸின் வடிவத்தைத் தெளிவாகக் காட்டும். ஜூன் அல்மெய்டா 1960களில் லண்டனில் மனித கொரோனா வைரஸை முதன்முதலாகப் படமெடுத்தது அதைக் கொண்டுதான். ஆனால் அதற்கு மாதிரியை உலர்த்தியோ உறையவைத்தோ வெற்றிடத்துக்குள் வைக்க வேண்டும்; அங்கே எதுவும் இயல்பாக இயங்காது. கிடைப்பது ஒரு கணத்தின் சாம்பல்நிறப் படம். எலக்ட்ரானுக்கு நிறம் இல்லையாதலால், அத்தகைய படத்தில் காணும் நிறமெல்லாம் பின்னர் தீட்டப்பட்டவை.

அப்படியானால் வைரஸ் நுழையும் காட்சி? அது பல வகைச் சான்றுகளைக் கோத்து வரைந்த கணினிச் சித்திரம். உலகெங்கும் பரவிய அந்தச் சிவப்பு முள் உருண்டையை 2020 ஜனவரியில் அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையத்தின் மருத்துவ ஓவியர்கள் உருவாக்கினர். முள்ளின் வடிவம் ஆய்வில் அறிந்தது. சிவப்பு, பார்ப்பவர் கவனிப்பதற்காகத் தேர்ந்தது. வரையப்பட்டது என்பதால் அது பொய்யாகிவிடாது. நிலப்படமும் வரையப்பட்டதுதான், அதனால் நிலம் இல்லையென்று யாரும் சொல்வதில்லை. வரைந்தது என்று சொல்லாமல், எடுத்தது என்று சொல்வதே பொய்.

வைரஸ் உயிரணுவுக்கு என்ன செய்கிறது என்பதை மட்டும் ஒளி நுண்ணோக்கியிலேயே உயிரோடு எடுக்கலாம். வளர்ப்புத் தட்டில் தரையோடு தரையாகப் படர்ந்திருக்கும் உயிரணுக்கள், வைரஸ் கலந்த பின் ஒவ்வொன்றாகச் சுருண்டு உருண்டையாகித் தட்டிலிருந்து கழன்றுபோவதை இடைவெளிப் படப்பிடிப்பு தெளிவாகக் காட்டும். சில வைரஸ்களில் பக்கத்து உயிரணுக்கள் பல ஒன்றாகக் கலந்துவிடுவதும் தெரியும். வைரஸ் ஒன்றுகூடக் கண்ணில் படாத இந்தப் படங்கள்தான், என் எண்ணத்தில், வண்ண உருண்டைகளைவிட அதிகம் கற்பிப்பவை.

கிருமியைக் காட்டினால் போதுமா?

பொதுமக்களுக்காக எடுக்கும் படங்களில் இங்கேதான் பெரும்பாலும் சறுக்கல் நேர்கிறது. கிருமியைத் திரை நிறையக் காட்டினால் அருவருப்பும் அச்சமும் உடனே பிறக்கும். நோய் எவ்வாறு ஒருவரிடமிருந்து இன்னொருவருக்கு வருகிறது என்ற அறிவு அதனால் பிறக்காது. ஒரு கரண்டித் தயிரிலும் கோடிக்கணக்கான பாக்டீரியாக்கள் உண்டு. அவற்றால் நமக்குத் தீங்கில்லை. ஓரிடத்தில் நுண்ணுயிர் இருப்பது வேறு, அது உடலுக்குள் புகுந்து பெருகித் தீங்கு செய்வது வேறு. பின்னதையே தொற்று என்கிறோம். கைப்பிடியிலோ பல்தூரிகையிலோ கிருமி இருக்கிறது என்று காட்டும் படம் தொற்றை நிரூபித்துவிடவில்லை.

காலனி ஆட்சிக்காலச் சுகாதாரப் படங்களைப் பற்றி ஒரு கதை பல நாடுகளின் பெயரில் சொல்லப்பட்டு வந்தது. திரையில் யானை அளவு பெரிதாகக் கொசுவையோ ஈயையோ பார்த்த கிராமத்தார், ‘எங்கள் ஊர்க் கொசு இத்தனை பெரிதில்லை, ஆகவே எங்களுக்கு அபாயமில்லை’ என்று எழுந்து போனார்களாம். நாட்டுக்கு நாடு உருமாறி உலவிய இதை வரலாற்றாய்வாளர்கள் நம்பத்தக்க நிகழ்வாகக் கொள்வதில்லை. பார்வையாளரை அறிவற்றவராகக் காட்டச் சொல்லப்பட்டது அது. நடந்ததாகவே வைத்துக்கொண்டாலும் குறை யாருடையது? கொசுவை முதலில் ஒரு விரல்நுனியில் வைத்துக் காட்டிவிட்டுப் படிப்படியாக நெருங்கியிருந்தால் அந்த ஐயமே எழுந்திராது. அளவைச் சொல்லாத படத்துக்கு அதை எடுத்தவரே பொறுப்பு.

சரியாகச் செய்த முயற்சிகளும் உண்டு. முதல் உலகப்போரின் இறுதியில் பிரான்சில் காசநோய் ஒழிப்புக்காக ராக்ஃபெல்லர் அறக்கட்டளை அனுப்பிய குழு ஊர் ஊராகப் படம் காட்டியது. அதற்காகப் படமெடுத்த கொமாந்தோன், மிஷ்லென் டயர் நிறுவனத்தின் பொம்மை மனிதனை வரைந்த ஓகலோப் என்ற ஓவியருடன் சேர்ந்து நுண்ணோக்கிக் காட்சிகளையும் அசையும் சித்திரங்களையும் இணைத்தார். எது எடுத்தது, எது வரைந்தது என்பது குழந்தைக்கும் தெரியும்படி இரண்டும் தனித்தனித் தோற்றத்தில் இருந்தன. அதே அறக்கட்டளையின் சுகாதார வாரியம் 1920இல் கொக்கிப்புழு பற்றி ஒரு பேசாப்படம் எடுத்தது. கொக்கிப்புழுவின் முட்டை மலத்தோடு வெளியேறி, ஈர மண்ணில் ஓரிரு நாளில் பொரிந்து, அரை மில்லிமீட்டர் புழுவாகி, வெறுங்காலின் தோலைத் துளைத்து உடலுக்குள் செல்கிறது. இந்த வழியின் ஒவ்வொரு கண்ணியும் காட்டத்தக்கது என்பதால் நுண்ணோக்கிப் படத்துக்கு இதைவிடப் பொருத்தமான நோய் இல்லை. அவ்வாரியம் 1916இலேயே இலங்கைத் தோட்டங்களில் கொக்கிப்புழு ஒழிப்பைத் தொடங்கியிருந்தது. அங்கே அந்நோயால் இரத்தம் குன்றித் துன்புற்றவர்களில் பெரும்பாலோர் தமிழ்நாட்டிலிருந்து சென்ற தொழிலாளர்கள். மருந்து கொடுத்துப் புழுவை வெளியேற்றினாலும், கழிப்பறைகள் இல்லாத லயங்களில் (தோட்டத் தொழிலாளரின் வரிசைக் குடியிருப்புகளில்) அதே மண்ணிலிருந்து அதே கால்களில் மீண்டும் ஏறியது. புழுவை மட்டும் காட்டி மண்ணைக் காட்டாத படம் இந்த அநீதியை மறைத்துவிடும்.

மலேரியாவைப் படமாக்கினால்

மேலே சொன்னவற்றையெல்லாம் ஒரே நோயில் பொருத்திப் பார்க்கலாம். மலேரியாவைப் பற்றி நேர்மையான ஒரு படம் எடுப்பதாக வைத்துக்கொள்வோம்.

கொசு கடிப்பதைச் சாதாரண ஒளிப்பதிவுக் கருவியே எடுத்துவிடும். தோலுக்குள் ஊரும் ஒட்டுண்ணிக்கு ஒளிர்வுப் படம் உண்டு. ‘எலியின் தோல், பச்சை நிறம் ஊட்டப்பட்டது’ என்ற வரி அதன்கீழ் வர வேண்டும். அடுத்து ஒட்டுண்ணி கல்லீரலை அடைந்து, ஏறக்குறைய ஒரு வாரம் ஒளிந்திருந்து பல்லாயிரமாகப் பெருகும். மனிதக் கல்லீரலுக்குள் இதைப் படமெடுக்க வழியில்லை. எனவே சித்திரமாக வரைந்து, வரைந்தது என்று எழுத வேண்டும். அந்த ஒரு வாரமும் நோயாளிக்கு எந்தத் துன்பமும் தெரியாது.

பிறகு இரத்தம். ஒட்டுண்ணி சிவப்பணுவின்மேல் ஒட்டித் திரும்பித் தலையை ஊன்றி உள்ளே நுழைய ஒரு நிமிடம்கூட ஆகாது. குரங்குகளைத் தாக்கும் மலேரியா ஒட்டுண்ணி இவ்வாறு நுழைவதைக் காட்டும் படங்களை அமெரிக்க ஆய்வாளர்கள் 1975இல் வெளியிட்டனர். இதை உள்ளபடியான வேகத்திலேயே காட்டலாம், அல்லது சற்று மெதுவாக்கலாம். நுழைந்தபின், மனிதரைத் தாக்கும் முக்கிய வகைகள் இரண்டிலும் வளர்ச்சிக்கு ஏறத்தாழ 48 மணி நேரம் ஆகும்; இங்கே காலத்தைச் சுருக்க வேண்டும், ஓரத்தில் மணிக்கணக்கு ஓட வேண்டும். கடைசியில் சிவப்பணு வெடித்துப் புதிய ஒட்டுண்ணிகள் சிதறுவது சில நொடிகளில் முடிந்துவிடும். மீண்டும் வேகத்தைக் குறைக்க வேண்டும். ஒரே நோயின் படத்தில் காலம் மூன்று முறை மாறுகிறது. மாறும்போதெல்லாம் சொல்லப்படாவிட்டால் பார்ப்பவர் எதையும் சரியாக விளங்கிக்கொள்ள இயலாது. அணுக்கள் கூட்டமாக வெடிக்கும் நேரமே குளிரும் காய்ச்சலும் எழும் நேரம். கடித்த நாளிலிருந்து பெரும்பாலும் 10 முதல் 15 நாள் கழித்தே அது வரும்.

லாவெரான் கண்ட துடிக்கும் இழைகளுக்கும் இந்தப் படத்தில் இடமுண்டு. அவை ஆண் இனச்செல்கள். கொசுவின் வயிற்றுக்குள் இரத்தம் சென்று குளிர்ந்த பிறகே இயல்பாக வெளிவருபவை. உடலிலிருந்து எடுத்த இரத்தம் கண்ணாடிச் சில்லில் குளிர்ந்ததால் அவர் கண்முன்னே வெளிவந்தன. அதன் பின்னர் கொசுவுக்குள் ஒட்டுண்ணி வளர்வதன் முதல் தடயத்தை பிரிட்டிஷ் மருத்துவர் ரொனால்ட் ராஸ் 1897 ஆகஸ்ட் 20 அன்று செகந்திராபாத்தில், கொசுவின் இரைப்பைச் சுவரில் கண்டார். இந்தக் காட்சி சேர்ந்தால்தான், நோயாளியைக் கொசுவலைக்குள் வைப்பது அவருடைய வசதிக்காக மட்டும் இல்லை, அவரைக் கடிக்கும் கொசு அடுத்த வீட்டாருக்கு நோயைக் கொண்டுபோகாமல் தடுப்பதற்காகவும் என்பது விளங்கும்.

ஓரத்தில் ஓடும் அந்த மணிக்கணக்கு, மருத்துவமனையில் நாம் அடிக்கடி எரிச்சலோடு எதிர்கொள்ளும் ஒன்றையும் விளக்கிவிடும். கடும் மலேரியாவை உண்டாக்கும் ஃபால்சிபாரம் வகையில், 48 மணி நேரத்தின் முதல் பாதியில் இளம் ஒட்டுண்ணியைச் சுமந்த சிவப்பணுக்கள் இரத்தத்தோடு சுற்றிவருகின்றன. பிற்பாதியில் அவை உள்ளுறுப்புகளின் நுண்குழாய்ச் சுவர்களில் ஒட்டிக்கொள்கின்றன. விரல்நுனியில் குத்தி எடுக்கும் துளியில் அப்போது ஒட்டுண்ணி மிகக் குறைவாக இருக்கலாம், அகப்படாமலும் போகலாம். முதல் சோதனையில் மலேரியா இல்லையென்று வந்த பிறகும், காய்ச்சல் தொடர்ந்தால் மருத்துவர் பன்னிரண்டு மணி நேரமோ ஒரு நாளோ கழித்து மறுபடியும் இரத்தம் எடுக்கச் சொல்வது இதனால்தான்.